சங்கு

அயோவாவில், பன்றி வெட்டும் ஆலைக்கும்
சோளக் குதிர்களுக்கும் நடுவே
மூன்று திரை கொண்ட கொட்டகை எங்களுடையது.
இரண்டு பழுது.
மிச்சமிருந்த ஒன்றில்
ஆறு வாரமாக அந்தப் படம்தான்.

டிக்கெட் கிழிப்பவள் நான்.
கிழித்த கையோடு கடைசி வரிசைக்குப் பின்னால் நின்று
எத்தனை முறை பார்த்தேனோ.
ஒரு பேரணை. அதன் அடியில் சுரங்க வழிகள்.
வருடத்துக்கொரு முறை பத்தொன்பது பிள்ளைகளை
உள்ளே இறக்கி இரும்புக் கதவைச் சாத்துவார்கள்.
விடியலில் மதகு திறக்கும்.
அதற்குள் வெளியே வந்தவருக்கு
அந்த வருடம் முழுக்கச் சாப்பாடு.

நாயகி செம்புக் கம்பியால் முடியைக் கட்டியிருப்பாள்.
இரண்டாம் வாரமே
ஊர் ஹார்டுவேர் கடையில் செம்புக் கம்பி தீர்ந்தது.
வாசல் விளக்கடியில்
பள்ளிப் பெண்களின் பின்னல்கள் மின்னின.

"பிள்ளைகள் சாவதைப் பார்க்கப்
பிள்ளைகளே இத்தனை கூட்டமா"
என்றார் முதலாளி ஹால்வர்சன்.
அவருக்குத் தெரிந்தது பாப்கார்ன் கணக்கு.

ஏழாம் முறை வந்த ஜாஸ்னாவிடம் நானே கேட்டேன்.
அவளுக்குப் பதினாறு வயது.
ஆலையின் இரவுச் சுத்திகரிப்பு அட்டையில் பத்தொன்பது.
"அவர்கள் முதலில் சங்கு ஊதுகிறார்கள்,
பிறகுதான் கொல்ல வருகிறார்கள்.
உன்னைத்தான் அனுப்புகிறோம் என்று
முகத்துக்கு நேரே சொல்லிவிடுகிறார்கள்.
அதுவே பெரிய விஷயமில்லையா?"
சில்லறையை எண்ணாமல் வாங்கிக்கொண்டு உள்ளே போனாள்.

மே மாதம், ஒரு வியாழன். வானம் களிம்பேறிய பித்தளை.
மதகு திறக்கச் சற்று முன்
அவள் கம்பியைப் பூட்டுக்குள் நுழைக்கும் இடத்தில்
சங்கு ஊதியது.
படத்தின் சங்கு அல்ல.
தீயணைப்பு நிலையக் கம்பத்தில் இருப்பது.
சுழற்காற்று.

என் கையில் டார்ச். சொல்லவேண்டிய வாசகம்
சுவரில் ஒட்டியிருந்தது.
நான் வாய் திறக்குமுன் எழுந்துவிட்டார்கள்.
தள்ளுமுள்ளு இல்லை. கூச்சல் இல்லை.
முன்னால் நிற்பவர் தோளில் கை.
கைபேசிகள் ஒவ்வொன்றாக அணைந்தன.
இது காற்று, ஆள் அல்ல,
காற்றுக்கு வெளிச்சம் தெரியாது என்று
யாரும் அவர்களுக்குச் சொல்லியிருக்கவில்லை.

ஜன்னலில்லாத நடையில், சுவரோரம்
நாற்பத்திரண்டு பேர்
குந்தி, பிடரியைக் கையால் பொத்தி.
அக்காளோடு வந்த பொடியன் ஒருவன்
நடந்தால் ஒளிரும் தன் ஷூவை
இரண்டு உள்ளங்கையாலும் மூடிக்கொண்டான்.

எங்கே கற்றீர்கள் என்று நான் கேட்கவில்லை.
ஐந்து வயதில்,
எழுத்து கற்ற அதே அறையில்,
கதவைப் பூட்டி, விளக்கணைத்து,
கோட்டு மாட்டும் அலமாரிக்குள்.
சத்தம் போடாதவருக்கு
ஒட்டுப்படம் ஒன்று பரிசு.

கூரை முனகியது. எங்கோ தகரம் உரிந்தது.
இருட்டில் யாரோ மிக மெல்ல,
"கதவு திறக்குமா?"
எந்தக் கதவு என்று எனக்குத் தெரியும்.
எட்டாம் முறை பார்க்கிறவளின் குரல்.
அவளுக்கும் தெரியும்.
திறக்கும் என்றேன்.

காற்று ஊரைத் தொடாமல் வடக்கே போய்
யாருடைய சோளத்தையோ தின்றது.
ஹால்வர்சன் காசைத் திருப்பித்தர வந்தார்.
ஒருவரும் கை நீட்டவில்லை.
விட்ட இடத்திலிருந்து போடச் சொன்னார்கள்.

போட்டோம்.
மதகு நீர் திரையை உடைத்துக்கொண்டு பாய்ந்தபோது
அலறினார்கள் பாருங்கள்.
அதுவரை விழுங்கி வைத்ததையெல்லாம்,
அந்த நடையில், அந்த அலமாரியில் விழுங்கியதையெல்லாம்,
பாப்கார்னை வாரி இறைத்து
அழுது சிரித்து
நாற்காலி மேல் ஏறி நின்று.
உட்காரச் சொல்வது என் வேலை.
நான் சொல்லவில்லை.

நள்ளிரவில் பெருக்கினேன்.
ஐந்தாம் வரிசைக்கு அடியில்
முடி சிக்கிய செம்புக் கம்பி, ஒரு முழம்.
ஆலையில் இரவு வேலைக்குச் சங்கு ஊதியது.
கம்பியைச் சுருட்டி
டிக்கெட் மேசை இழுப்பறையில் போட்டேன்.
கேட்டு வருவாள்,
சனிக்கிழமை.